தோட்டப் பட்டணத்தில் தனி ஆளாக ஆவணப்படம்: கடிதம், செலவு, காலம்

பேட்டி எடுக்காமல், பின்னணிக் குரல் சேர்க்காமல், ஒரு குடும்பத்தோடு மாதக்கணக்கில் உடனிருந்து அவர்கள் வாழ்கிறபடியே படமாக்க வேண்டும் என்று சிலருக்கு ஆசை வருகிறது. எனக்கும் வந்தது. மலேசியாவின் பேராக் மாநிலத்தில் உள்ள சுங்கை சிப்புட்டில் ஒரு தோட்டத் தொழிலாளர் குடும்பத்தை அப்படி எடுத்தேன். கேமரா, ஒலி, ஓட்டுநர், சமையல் எல்லாம் ஒரே ஆள்தான். இந்த வகைப் படத்தின் அழகைப் பற்றி எழுத நிறையப் பேர் இருக்கிறார்கள். எந்தக் கடிதத்தை யாரிடம் எந்த வரிசையில் கொடுப்பது, எதற்குப் பணம் கரையும், எது இழுத்தடிக்கும் என்று தமிழில் எழுதியவரை நான் காணவில்லை. அதனால் இது.

1. முதலில் பட்டணத்தில் குடியேறுங்கள்

தோட்டக் கதை என்றதும் லயத்தை, அதாவது தோட்டத்துக்குள் தொழிலாளருக்குக் கட்டிய வரிசை வீடுகளை, தேடி ஓடுகிறவர்கள் அதிகம். இன்று பல குடும்பங்கள் லயத்தை விட்டு வெளியேறித் தாமான்களிலும் (வீடமைப்புப் பகுதிகள்) மலிவுவிலை வீடுகளிலும் இருக்கின்றன. வேலைக்கு மட்டும் விடியற்காலையில் மோட்டாரில் தோட்டத்துக்குப் போகிறார்கள். லயத்து வீடுகளில் இப்போது பெரும்பாலும் வங்காளதேச, இந்தோனேசிய, நேப்பாளத் தொழிலாளர்களைத்தான் பார்ப்பீர்கள். ஆகவே உங்கள் படம் தொடங்கும் இடம் பட்டணம்தான்: காலைச் சந்தை, ஒட்டுக்கடை, கோயில் மண்டபம்.

சுங்கை சிப்புட் ஈப்போவிலிருந்து வடக்கே சுமார் 30 கிலோமீட்டர். ரயில் நிற்கிறது, பஸ் உண்டு. தோட்டத்துக்கு உள்ளே போக மட்டும் சொந்த வண்டி இல்லாமல் ஒன்றும் நடக்காது. கார் வேண்டாம், பழைய கப்சாய் (சிறிய மோட்டார் சைக்கிள்) போதும். அறிமுகமில்லாத ஆள் காரில் வந்து இறங்கினால் அரசாங்க ஆள் என்றோ, காப்புறுதி விற்க வந்தவர் என்றோ, தேர்தல் வரப்போகிறது என்றோ பேச்சு கிளம்பிவிடும்.

கடைவீட்டு மாடியில் எனக்கு மாதம் 350 வெள்ளிக்கு (ரிங்கிட்) ஓர் அறை கிடைத்தது. இரண்டு மாத வாடகையை வைப்புத்தொகையாகவும், தண்ணீர் மின்சாரத்துக்கு அரை மாத வாடகையையும் முன்னதாகக் கேட்பது வழக்கம். முதல் மாதத்துச் செலவைக் கணக்கிடும்போது இதை விட்டுவிடாதீர்கள்.

ஜப்பானிய ஆவணப்பட இயக்குநர் கஸுஹிரோ சோடா தமக்கென்று பத்து விதிகள் வைத்திருக்கிறார். ஆய்வு செய்யாதே, எடுக்கப்படுகிறவரை முன்கூட்டிச் சந்தித்துப் பேசாதே, திரைக்கதை எழுதாதே, கேமராவை நீயே பிடி, இசையும் பின்னணிக் குரலும் சேர்க்காதே, சொந்தப் பணத்தில் எடு என்று போகிறது அந்தப் பட்டியல். பெரும்பாலானவற்றை நான் அப்படியே எடுத்துக்கொண்டேன். முன்கூட்டிச் சந்திக்காதே என்பதை மட்டும் தோட்டப் பட்டணத்தில் மறந்துவிடுங்கள். இங்கே கோப்பி ஆறுவதற்குள் நீங்கள் யார் வீட்டுப் பிள்ளை, எந்த ஊர், கல்யாணம் ஆகிவிட்டதா என்பது வரை கேட்டு முடித்திருப்பார்கள். பதில் சொல்லாதவர் கையில் கேமரா இருந்தால் எந்த வீட்டிலும் உள்ளே விடமாட்டார்கள், விடவும் கூடாது. குறைந்தது ஒரு மாதம் கேமரா அறையிலேயே இருக்கட்டும்.

2. கடிதங்களின் வரிசை

பலரும் சறுக்கும் இடம் இது. நேராகத் தோட்ட அலுவலகத்துக்குப் போய் நிர்வாகியின் கையெழுத்தை வாங்கிக்கொண்டு, அவர் அனுப்பும் ஆளோடு தொழிலாளர் வீட்டுக்குப் போனால், அந்த வீட்டில் கடைசி நாள் வரை நீங்கள் நிர்வாகத்தின் ஆள்தான். சிரித்துக்கொண்டே பதில் சொல்வார்கள், ஒன்றும் சொல்லமாட்டார்கள். மாறாக, அலுவலகத்துக்கே தெரியாமல் உள்ளே புகுந்து எடுத்தால் நீங்கள் ஊர் திரும்பிய பிறகு மண்டோர் (வேலை மேற்பார்வையாளர்) கேள்வி கேட்பது அந்தக் குடும்பத்தைத்தான்.

எனவே முதலில் குடும்பம். அவர்கள் வாய்மொழியாகச் சம்மதித்த பிறகு, “அலுவலகத்தில் நான் போய்ப் பேசலாமா, உங்கள் பெயரைச் சொல்லலாமா?” என்று அவர்களையே கேளுங்கள். சில வீடுகளில் “பெயரைச் சொல்ல வேண்டாம் தம்பி” என்பார்கள். அப்படியானால் அந்தத் தோட்டத்துக்குள் எடுக்கும் யோசனையைக் கைவிட்டு, வீட்டையும் பட்டணத்தையும் வைத்தே படத்தை யோசியுங்கள். எண்ணிப்பார்த்தால் படத்தின் முக்கால் பங்கு அங்கேதான் நடக்கிறது.

அடுத்தது கோயில். திருவிழா, கரகம், தீமிதி எதுவானாலும் ஆலய நிர்வாகத்தின் தலைவர், செயலாளர் இருவருக்கும் தனித்தனியாகக் கடிதம் கொடுங்கள். தலைவருக்கு மட்டும் கொடுத்தால் செயலாளர் தடுப்பார், செயலாளருக்கு மட்டும் கொடுத்தால் தலைவர். திருவிழாவுக்கு இரண்டு மாதம் இருக்கும்போதே கொடுத்துவிட வேண்டும். கொடி ஏறிய பிறகு கடிதம் படிக்க யாருக்கும் நேரம் இருக்காது.

மூன்றாவதாகத் தோட்ட அலுவலகம். முதலில் கிராணியை (அலுவலக எழுத்தர்) பாருங்கள். எந்தக் கடிதம் எந்த மேசைக்குப் போகும் என்பது அவருக்குத்தான் தெரியும். கடிதம் மலாயில், ஒரே பக்கத்தில் இருக்கட்டும். நீங்கள் யார், எந்த மாதங்களில் தோட்டத்தின் எந்தப் பிரிவில் (டிவிஷன்) எடுக்கப் போகிறீர்கள், எங்கெல்லாம் நுழையமாட்டீர்கள், உங்கள் பாதுகாப்புக்கு யார் பொறுப்பு என்ற நான்கும் அதில் வேண்டும். நுழையாத இடங்களாக ஆலை, பூச்சிமருந்துக் கிடங்கு, அந்நியத் தொழிலாளர் குடியிருப்பு மூன்றையும் நீங்களே எழுதிவிடுங்கள். அடையாள அட்டை நகல், தனிநபர் விபத்துக் காப்புறுதி நகல் இரண்டையும் இணையுங்கள்.

நுழையாத இடங்களை ஏன் முந்திக்கொண்டு எழுதச் சொல்கிறேன்? 2020-இல் கட்டாய உழைப்புக் குற்றச்சாட்டின் பேரில் அமெரிக்கச் சுங்கத் துறை மலேசியாவின் இரண்டு பெரிய செம்பனை (பாமாயில்) நிறுவனங்களின் எண்ணெயைத் தடுத்து நிறுத்தியது. அதற்குப் பிறகு கேமராவோடு வரும் எவரையும் நிறுவனங்கள் இரண்டு முறை பார்க்கின்றன. பெரிய நிறுவனத்தின் தோட்டம் என்றால் உள்ளூர் நிர்வாகி தாமாக முடிவெடுக்கமாட்டார். கடிதம் தலைமை அலுவலகத்துக்குப் போகும். ஒரு மாதத்துக்குள் பதில் வந்ததாக நான் யாரிடமும் கேட்டதில்லை. மூன்று மாதம் என்றே வைத்துக்கொள்ளுங்கள். தனியார் சிறுதோட்டம் என்றால் முதலாளி கோப்பிக்கடையிலேயே கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிடுவார்.

அனுமதியோடு ஒரு நிபந்தனையும் வரும்: “எங்கள் ஆள் ஒருவர் கூடவே இருப்பார்.” பாதுகாப்புக்காக என்றால் ஒப்புக்கொள்ளுங்கள். ஆனால் அவர் வரும் நாட்களில் வேலையை மட்டும் எடுங்கள், பேச்சை எடுக்காதீர்கள். பக்கத்தில் நிற்பவருக்காகப் பேசுகிற பேச்சு படத்துக்கு உதவாது.

பள்ளிக்குத் தலைமையாசிரியரின் ‘சரி’ போதாது. மாவட்டக் கல்வி அலுவலகத்தின் வழியாகவே எழுத்து அனுமதி வரவேண்டும். மருத்துவமனை, காவல் நிலையம் இரண்டும் வேறு உலகம். முதல் படத்தில் அங்கே போகாதீர்கள். ட்ரோன் ஆசையையும் விட்டுவிடுங்கள். விமானப் போக்குவரத்து ஆணையத்திடமும் நில அளவைத் துறையிடமும் வானிலிருந்து எடுக்க அனுமதி கேட்டுக்கொண்டிருக்கும் நேரத்தில் நான்கு மாதப் படப்பிடிப்பை முடித்துவிடலாம். தவிர, தோட்டத்தை மேலிருந்து பார்ப்பது நிர்வாகத்தின் பார்வை.

3. ஃபினாஸ் வேலை

ஃபினாஸ் எனப்படும் தேசியத் திரைப்பட மேம்பாட்டுக் கழகத்தின் 1981-ஆம் ஆண்டுச் சட்டம், 22-ஆம் பிரிவு: உரிமம் இல்லாமல் படத் தயாரிப்பில் ஈடுபடக் கூடாது. மீறினால் 50,000 வெள்ளி வரை அபராதம், இரண்டு ஆண்டு வரை சிறை. 2020 ஜூலையில் இதைப் பற்றி நாடாளுமன்றத்தில் பெரிய குழப்பமே எழுந்தது. கைப்பேசியில் எடுக்கிறவருக்குமா உரிமம் என்று ஊரே கேட்க, சமூக ஊடகத்தில் பதிவிடும் தனிநபர்களுக்கு வேண்டாம் என்று அரசு விளக்கம் தந்தது. அந்த விளக்கத்தை வைத்துக்கொண்டு, விழாக்களுக்குப் போகவிருக்கும் நீண்ட ஆவணப்படத்தையும் அதே கணக்கில் சேர்க்காதீர்கள்.

உரிமம் பதிவு பெற்ற நிறுவனத்துக்குத்தான், மூலதன நிபந்தனையும் உண்டு. தனி ஆளுக்கு நடைமுறையில் உள்ள வழி, ஏற்கெனவே உரிமம் வைத்திருக்கும் ஒரு சிறு தயாரிப்பு நிறுவனத்தோடு சேர்ந்துகொள்வது. அவர்கள் வழியாகப் படப்பிடிப்புச் சான்றிதழுக்கு விண்ணப்பிக்கலாம். அந்த நிறுவனத்தோடு ஒரு பக்க ஒப்பந்தமாவது எழுதுங்கள். படத்தின் காப்புரிமை யாருக்கு என்பது அதில் முதல் வரியாக இருக்கட்டும். பத்து வெள்ளி முத்திரைத் தீர்வை கட்டினால் போதும், கையெழுத்திட்ட 30 நாளுக்குள் கட்டிவிட வேண்டும். நட்புக்காக எழுதாமல் விட்டு, படம் ஒரு விழாவுக்குத் தேர்வான பிறகு முகத்தைத் திருப்பிக்கொண்டவர்களை எனக்குத் தெரியும்.

விண்ணப்பத்தில் கதைச்சுருக்கம், இடம், நாட்கள், குழுவினர் பட்டியல் எல்லாம் கேட்பார்கள். என்ன நடக்கும் என்று தெரியாத படத்துக்கு என்ன கதைச்சுருக்கம் எழுதுவது? பொய்யாக ஒரு கதை கட்ட வேண்டாம். இருப்பதை எழுதினாலே போதும். “பேராக் மாநிலத்தில் ஒரு தோட்டப் பட்டணத்தில் வாழும் மூன்று தலைமுறைக் குடும்பத்தின் அன்றாடம். பாட்டி பால்மரம் (ரப்பர்) வெட்டி ஓய்வு பெற்றவர், மகன் செம்பனைக் குலை வெட்டுகிறார், பேத்தி ஐந்தாம் படிவத் தேர்வுக்குப் படிக்கிறாள். வேலை, சமையல், படிப்பு, திருவிழா ஆகியவை காட்டப்படும்.” இந்த அளவு எழுதினால் உண்மையும் கெடாது, அதிகாரிக்கும் விளங்கும்.

தமிழ்நாட்டிலிருந்தோ வேறு நாட்டிலிருந்தோ வருகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. சுற்றுலா விசாவில் வந்து எடுக்காதீர்கள். வெளிநாட்டவர் படப்பிடிப்புக்குப் புஸ்பால் என்ற குழுவின் அனுமதி வேண்டும். அதை உள்ளூர் நிறுவனம்தான் விண்ணப்பிக்க முடியும்.

4. சம்மதப் படிவம்

இணையத்தில் கிடைக்கும் ஆங்கிலப் படிவத்தை நீட்டாதீர்கள். “உலகெங்கும், எக்காலத்துக்கும், எல்லா ஊடகத்திலும்” என்று எழுதியிருக்கும் தாளில், படிக்கத் தெரியாத ஒரு மூதாட்டியின் பெருவிரல் ரேகையை வாங்குவதற்குப் பெயர் சம்மதம் இல்லை. தமிழில் ஒரு பக்கம் எழுதுங்கள், அதன் மலாய் மொழியாக்கம் பின்பக்கம். வாசித்துக் காட்டுங்கள், வாசிப்பதையும் அவர்கள் பதிலையும் கேமராவில் பதிவு செய்துகொள்ளுங்கள்.

என் படிவத்தில் உள்ள மூன்று வரிகளை நீங்கள் அப்படியே எடுத்துக்கொள்ளலாம். “எப்போது வேண்டுமானாலும் கேமராவை நிறுத்தச் சொல்வேன், காரணம் கேட்கக் கூடாது.” “படத்தொகுப்பு முடியும் முன் எனக்குக் காட்ட வேண்டும். என் குடும்பத்துக்குக் கேடு என்று நான் நினைக்கும் காட்சியை நீக்க வேண்டும்.” “படம் பூட்டப்படும் தேதிக்குப் பிறகு மாற்றம் கேட்கமாட்டேன்.” பூட்டுவது என்றால் தொகுப்பை இறுதி செய்வது. மூன்றாவது வரி உங்களுக்காக. அது இல்லையென்றால் படம் முடியவே முடியாது.

18 வயதுக்குக் கீழ் என்றால் பெற்றோர் கையெழுத்து வேண்டும். பிள்ளையிடமும் தனியாகக் கேளுங்கள். அப்பா சரி என்று சொல்லி, மகள் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றால் அது ‘இல்லை’தான்.

அடையாள அட்டை, பிறப்புப் பத்திரம், சம்பளச் சீட்டு எதையும் எண் தெரியும்படி எடுக்காதீர்கள். தோட்டக் குடும்பங்களில் சிவப்பு (நிரந்தரவாசிகளுக்கான) அடையாள அட்டையோடும், எந்தப் பத்திரமும் இல்லாமலும் இன்னும் சிலர் இருக்கிறார்கள். அது உங்கள் படத்துக்கு வலுவான காட்சியாகத் தோன்றும். பதிவு இலாகாவில் அவர்கள் மனு நிலுவையில் இருக்கும்போது அந்தக் காட்சி வெளியானால் என்ன ஆகும் என்று முதலில் அவர்களோடு உட்கார்ந்து பேசுங்கள். பின்புலத்தில் வரும் அந்நியத் தொழிலாளரின் முகத்தையும் அவர் சம்மதம் இல்லாமல் வைக்காதீர்கள். பெர்மிட் (வேலை அனுமதி) பிரச்சினை உள்ளவராக இருந்தால் உங்கள் ஒரு காட்சி அவரை ஊருக்கு அனுப்பிவிடும்.

5. குடும்பத்துக்குப் பணம் கொடுக்கலாமா?

காட்சிக்குக் காசு கொடுக்காதீர்கள். கொடுத்த மறுநாளிலிருந்து உங்களுக்காக நடிப்பார்கள். ஆனால் உங்களால் ஒருவரின் வேலை நாள் கெட்டால் அந்த நாள் கூலியைக் கொடுத்தாக வேண்டும். குறைந்தபட்சச் சம்பளம் மாதம் 1,700 வெள்ளி. 26-ஆல் வகுத்தால் ஒரு நாளைக்கு 65 வெள்ளி சொச்சம். இதைத் தொடக்கத்திலேயே சொல்லிவிட்டால் பின்னால் சங்கடம் இல்லை.

தினமும் அங்கே சாப்பிடுவீர்கள். மறுத்தால் வருத்தப்படுவார்கள், மறுக்காமல் விட்டால் அவர்கள் அரிசி தீரும். நான் வாரம் ஒருமுறை மளிகைச் சாமான் வாங்கிக்கொண்டு போனேன். கல்யாணம், காதுகுத்து வந்தால் ஊரார் வைக்கும் மொய்யே நானும் வைத்தேன். அதிகம் வைக்காதீர்கள், அடுத்த வீட்டுக்காரர் பேச்சுக்கு அவர்கள்தான் ஆளாவார்கள்.

6. கருவி

சுருக்கமாகச் சொல்கிறேன். ஒரு சிறிய கேமரா, மாற்றாத ஒரே லென்ஸ், மேலே ஒரு மைக், சட்டையில் மாட்டும் கம்பியில்லா மைக் இரண்டு. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். வினாடிக்கு 25 சட்டகம், ஷட்டர் ஐம்பதில் ஒன்று என்று வையுங்கள், இல்லாவிட்டால் குழல்விளக்கு துடிக்கும். குளிர்சாதன அறையிலிருந்து எடுத்த கேமராவை நேராக விடியற்காலைத் தோட்டத்துக்குக் கொண்டுபோனால் லென்ஸ் பனித்துவிடும். தொழிலாளரைக் கூட்டி வேலை பிரிக்கும் பெரட்டு நடக்கும் அந்தப் பதினைந்து நிமிடமும் போய்விடும். இரவில் குளிர்சாதனத்தை அணைத்துவிட்டுத் தூங்குங்கள். லென்ஸில் பூஞ்சை பிடிக்காமலிருக்க ஈரப்பதம் அகற்றும் பெட்டி ஒன்று அவசியம்.

தகரக் கூரையில் மழை அடித்தால் வீட்டுக்குள் பேச்சு ஒன்றும் பதிவாகாது. பிற்பகல் மழை மாதங்களில் பேச்சுக் காட்சிகளைக் காலையிலோ இரவிலோ எதிர்பாருங்கள். பால்மரம் உள்ள தோட்டம் என்றால் மழை நாளில் வெட்டும் இல்லை. ஆண்டுத் தொடக்கத்தில் இலையுதிரும் வாரங்களில் பாலும் குறையும். செம்பனையில் ஒரே நிரைக்கு இரண்டு வாரத்துக்கு ஒருமுறைதான் வெட்டு திரும்பி வரும். இன்று தவறிய காட்சியை நாளை எடுக்கலாம் என்ற கணக்கு அங்கே செல்லாது. குலையும் மட்டையும் விழும் இடத்திலிருந்து விலகி நில்லுங்கள், கால்மூடிய பூட்ஸ் போடுங்கள்.

7. வீட்டுக்குள் எப்படி இருப்பது

முதல் சில நாட்கள் கேமராவை மடியில் வைத்துக்கொண்டு சும்மா உட்காருங்கள். ஓடவிடாதீர்கள். பிறகு யாருக்கும் முக்கியமில்லாத வேலையை எடுங்கள்: வெங்காயம் உரிப்பது, மோட்டாருக்குச் சங்கிலி எண்ணெய் விடுவது, சீருடை தேய்ப்பது. நீங்கள் எதைத் தேடி வந்தீர்கள் என்று அவர்களுக்குத் தெரியவே கூடாது. தெரிந்தால் அதையே தருவார்கள்.

பாட்டி ஒருநாள் கேட்டார்: “சாப்பிடுகிற வாயைப் போய் படம் பிடிக்கிறாயே, இதில் என்ன ஐயா இருக்கிறது?” பதில் சொல்லத் தெரியவில்லை, கேமராவை இறக்கிவிட்டுத் தட்டை வாங்கிக்கொண்டேன். அடுத்த வாரம் அவர் சாப்பிடும்போது நான் எடுப்பதைக் கவனிக்கவே இல்லை. பழைய கைலியைக் கட்டிக்கொண்டு, மீன் முள்ளை விரலால் தட்டின் ஓரத்தில் வரிசையாக அடுக்கிக்கொண்டே, மருமகளிடம் பக்கத்து வீட்டுக் கடன் கதையைச் சொல்லிக்கொண்டிருந்தார். அந்தக் கதையைப் படத்தில் நான் வைக்கவில்லை. முள் அடுக்கும் விரல் இருக்கிறது.

எப்போது உண்மையாகவே எடுக்கத் தொடங்கலாம் என்பதற்கு எனக்குத் தெரிந்த அடையாளம் இது: நீங்கள் போனதும் யாரும் உடை மாற்றப் போவதில்லை, தேநீர் வருவதில்லை, “தம்பி, அந்த அடுப்பைக் கொஞ்சம் பார்த்துக்கொள்” என்று வேலை சொல்கிறார்கள். சண்டை வந்தால் எடுப்பதா? என் வழக்கம், ஒருவராவது என்னைத் திரும்பிப் பார்த்தால் நிறுத்திவிடுவது. பார்க்காவிட்டால் எடுப்பேன், பிறகு தொகுப்பின்போது கேட்பேன். இறப்பு வீட்டில் கேமராவைத் தூக்காதீர்கள். நாற்காலி அடுக்க ஆள் வேண்டியிருக்கும், அங்கே போய் நில்லுங்கள்.

8. வானொலி என்னும் கண்ணி

வீடு என்றால் மின்னல் எஃப்.எம். அல்லது ராகா ஓடிக்கொண்டுதான் இருக்கும். நீங்கள் எடுத்த மிகச் சிறந்த காட்சியின் பின்னால் ஒரு சினிமாப் பாட்டு முழுதாக ஒலிக்கும். விழாவிலும் ஒளிபரப்பிலும் அந்தப் பாட்டுக்கு உரிமை கேட்பார்கள். அதை வாங்கும் செலவு உங்கள் முழுப் படத்தின் செலவைத் தாண்டலாம். பேச்சும் பாட்டும் ஒரே ஒலித்தடத்தில் கலந்துவிட்டால் பிரிப்பது பெரும்பாடு. காட்சி தொடங்கிய பிறகு “அணையுங்கள்” என்று சொன்னால் காட்சி செத்துவிடும். உள்ளே நுழையும்போதே, செருப்பைக் கழற்றும்போதே கேட்டுவிடுங்கள். சில நாட்களில் பழகிப்போய் அவர்களே அணைத்துவிடுவார்கள். இதுவும் ஒரு தலையீடுதான், மறுக்கவில்லை. பாட்டுக்காகக் காட்சியை இழப்பதைவிட இது பரவாயில்லை.

9. சேமிப்பும் எழுத்துப்படியும்

வினாடிக்கு 100 மெகாபிட் என்ற அளவில் எடுத்தால் ஒரு மணி நேரத்துக்கு 45 ஜிகாபைட். நூறு மணி நேரம் எடுத்தால் நாலரை டெராபைட், இரண்டு பிரதி வேண்டும் என்பதால் ஒன்பது. இந்த வன்தட்டுச் செலவைக் கேமராவை வாங்கும் முன்பே ஒதுக்கிவையுங்கள். இரண்டாவது பிரதி உங்கள் அறையில் இருக்கக் கூடாது. வேறு ஊரில், வேறு வீட்டில் இருக்கட்டும்.

ஒவ்வொரு இரவும் அன்று எடுத்ததைப் பற்றி நான்கு வரி எழுதிவிட்டுத் தூங்குங்கள். பேச்சை எழுத்தில் இறக்க, ஒரு மணி நேரத்துக்கு ஐந்து ஆறு மணி நேரம் ஆகும். தோட்டத் தமிழ், மலாய்ச் சொற்கள், ஒரே நேரத்தில் மூவர் பேசுவது எல்லாம் கலந்து வருவதால் கணினி எழுதித் தருவதைத் திருத்துவதற்குப் புதிதாகவே எழுதிவிடலாம். உள்ளூரில் ஆறாம் படிவம் படித்து முடித்த ஒருவருக்குக் கூலி கொடுத்து எழுத வையுங்கள். அவருக்குப் புரிகிற பேச்சில் பாதி உங்களுக்குப் புரியாது. ஆனால் பட்டணம் சிறியது, எல்லாரும் உறவு. குடும்ப ரகசியம் உள்ள பகுதிகளை நீங்களே எழுதிக்கொள்ளுங்கள்.

10. முதலில் வீட்டில், பிறகு மண்டபத்தில்

படத்தைப் பூட்டும் முன் அந்த வீட்டுக் கூடத்தில், அவர்கள் தொலைக்காட்சியில், அவர்களுக்கு மட்டும் போட்டுக் காட்டுங்கள். அக்கம்பக்கத்தாரை அழைத்தால் பிடிக்காததைச் சொல்லக் கூச்சப்படுவார்கள். இரண்டு நாள் விட்டு மறுபடி போய்க் கேளுங்கள். முதல் நாள் “நன்றாக இருக்கிறது” என்பார்கள், உண்மையான பதில் அதற்குப் பிறகுதான் வரும்.

பொதுத் திரையிடல் என்றால் 2002-ஆம் ஆண்டுத் திரைப்படத் தணிக்கைச் சட்டம் குறுக்கே வரும். அனுமதி பெறாத படத்தைக் காட்டுவது குற்றம். சிறு கூட்டம்தானே, இலவசம்தானே என்று நினைக்காதீர்கள். இலங்கைப் போரைப் பற்றிய ஓர் ஆவணப்படத்தை 2013-இல் கோலாலம்பூரில் ஒரு மண்டபத்தில் திரையிட்டதற்காக, ஏற்பாட்டாளர் ஒருவருக்கு 2017-இல் 10,000 வெள்ளி அபராதம் விதிக்கப்பட்டது. கோயில் மண்டபத்தில் போடுவதாக இருந்தாலும் தணிக்கை வாரியத்திடம் முன்னதாகவே சமர்ப்பித்துவிடுங்கள். மலாய் வசன வரி தயாராக இருந்தால் வேலை விரைவாக முடியும். சமூகப் படங்களுக்கு 2003 முதல் நடந்துவரும் ஃப்ரீடம் ஃபிலிம் ஃபெஸ்ட் போன்ற விழாக்கள் இருக்கின்றன. அவர்களுடைய நிதியுதவிக்கு விண்ணப்பிக்கும் காலத்தை ஆண்டுத் தொடக்கத்திலேயே பார்த்துவையுங்கள்.

மண்டபத்துக்கு நாள் குறிக்கும்போது சம்பள நாளை அடுத்த சனிக்கிழமையைக் கேளுங்கள், இரவு எட்டரைக்கு. ஏழு மணிக்கு வைத்தால் ஆண்கள் இன்னும் குளித்திருக்கமாட்டார்கள். படத்தின் பிரதியைப் பென்டிரைவில் போட்டு வீட்டுக்கு இரண்டு கொடுங்கள். ஒன்று எப்படியும் சிங்கப்பூரில் வேலை பார்க்கும் பிள்ளைக்குப் போய்விடும்.